ஒளி மாயப்பள்ளிக் கதை: அறிகுறி பார்த்துப் பழுது நீக்கும் வழிமுறை

மாயப்பள்ளிக் கதை எழுத நெருப்பையோ காற்றையோ எடுத்துக்கொண்டவர்கள் எப்படியோ கரையேறிவிடுகிறார்கள். ஒளியை எடுத்தவர்கள்தான் நான்காவது அத்தியாயத்தில் மாட்டிக்கொண்டு நிற்கிறார்கள். நெருப்பு சுடும், விறகு கேட்கும், அணையும். அதன் குணம் எழுதுகிறவருக்கும் தெரியும், படிக்கிறவருக்கும் தெரியும். ஒளிக்கு அப்படியொரு குணம் இருப்பதே நமக்கு நினைவுக்கு வருவதில்லை. சுவிட்சைத் தட்டினால் வருகிறது, மறுபடி தட்டினால் போகிறது. அதனால் கதையில் அது அலங்காரமாகிவிடுகிறது. மண்டபம் ஜொலிக்கிறது, குருவின் கண் ஜொலிக்கிறது, கதை மட்டும் மங்கலாக இருக்கிறது.

உங்கள் கதை எங்கே இடறுகிறதோ அந்த அறிகுறியைக் கீழே தேடி, அங்கிருந்து படித்தால் போதும். ஆனால் எல்லாப் பழுதுக்கும் பொதுவாக ஒரு முதல் சோதனை உண்டு. அதை மட்டும் செய்துவிட்டு வாருங்கள்.

முதல் சோதனை

உங்கள் பள்ளியில் இயற்கையின் எந்த விதி மீறப்படுகிறது? ஒரே வரியில் எழுதுங்கள். இரண்டு வரி வந்தால் ஒன்றை அடித்துவிடுங்கள். மீதி விதிகளெல்லாம் உலகத்தில் உள்ளபடியே இருக்கட்டும். நான் படித்துப் பார்த்த ஒளிக் கதைகளில் பாதிக்கு மேல் இந்த ஒரு வரி இல்லாமல்தான் தள்ளாடின.

எடுத்துக்காட்டுக்கு நானே ஒரு பள்ளியைக் கட்டிக்கொள்கிறேன். பெயர் சுடர்மனை. ஒரு மலைமேல் இருக்கிறது. அங்கே படிக்கிறவர்களுக்கு ஒளியைக் கையில் பிடித்து நிறுத்தி, வேண்டும்போது விடத் தெரியும். மாயம் அவ்வளவுதான். மற்றபடி அங்கேயும் ஒளி நேர்க்கோட்டில்தான் போகும், கண்ணாடியில் பட்டால் திரும்பும், தண்ணீரில் புகுந்தால் திசை மாறும்.

இந்த ஒரு மீறல்கூட முழுப்பொய் இல்லை. 1999-ல் லேனே ஹாவ் என்ற டென்மார்க் இயற்பியலாளரின் குழு அமெரிக்காவில் ஒரு சோதனை செய்தது. கடுமையாகக் குளிரூட்டிய சோடியம் அணுக்களுக்குள் ஒளியைச் செலுத்தி, அதன் வேகத்தை நொடிக்கு 17 மீட்டருக்கு இறக்கினார்கள். மணிக்கு 60 கிலோமீட்டர் சொச்சம், நம் ஊர் பஸ் வேகம். 2001-ல் கொஞ்ச நேரத்துக்கு நிறுத்தியே வைத்துவிட்டார்கள். ஆக, சுடர்மனைப் பிள்ளைகள் வெறுங்கையால் செய்கிறார்கள் என்பதுதான் நம் கற்பனை.

அறிகுறி: மந்திரம் போட்டால் எல்லாம் நடக்கிறது, படிப்பவர் கொட்டாவி விடுகிறார்

வரவு செலவு இல்லாததுதான் காரணம். ஒளி எங்கிருந்து வந்தது, எவ்வளவு வந்தது, தீர்ந்தால் என்ன ஆகும் என்று கதையில் யாருமே கேட்பதில்லை.

கணக்குப் போடுங்கள், பெரிய சிரமமில்லை. மேகமில்லாத நடுப்பகலில் ஒரு சதுர மீட்டர் இடத்தில் விழும் வெயில் சுமார் 1000 வாட். ஒரு மணி நேரத்துக்கு ஒரு யூனிட். கரண்ட் பில்லில் வருகிறதே, அதே யூனிட். ஒரு மாணவியின் உள்ளங்கையும் விரல்களும் சேர்ந்து நூறில் ஒரு சதுர மீட்டர் என்று வைத்துக்கொள்ளுங்கள். உச்சிவெயிலில் அவள் ஒரு மணி நேரம் கையை நீட்டிக்கொண்டு நின்றால், 10 வாட் எல்.இ.டி. பல்பு ஒரு மணி நேரம் தரும் அளவு வெளிச்சம் சேரும். வெயிலிலும் எல்.இ.டி.யிலும் ஒரு வாட்டுக்குக் கிடைக்கும் வெளிச்சம் ஏறக்குறைய சமம் என்பதால் கணக்கு உதைப்பதில்லை. பகலில் கை கடுக்க ஒரு மணி நேரம் நின்றால் இரவில் ஒரு மணி நேரம் படிக்கலாம்.

இந்தக் கணக்கு உள்ளே வந்ததும் பள்ளிக்கு உயிர் வருவதைப் பாருங்கள். முதலாம் ஆண்டுப் பிள்ளைகள் மொட்டைமாடியில் வரிசையாகக் கை நீட்டி நிற்கிறார்கள். ஐப்பசியில் அடைமழை பிடித்துக்கொண்டால் விடுதியே கடனில் ஓடுகிறது.

“அக்கா, ஒரு கை வெளிச்சம் கடன் தர்றீங்களா? நாளைக்கு நிழல் பாடத்துல தேர்வு.”

“போன மாசம் வாங்கினதே இன்னும் திரும்பி வரலை. தை பிறக்கட்டும், வெயில் வரும், அப்புறம் பேசலாம்.”

இதில் எந்த மந்திரமும் நடக்கவில்லை. ஆனாலும் இது ஒளி மாயப்பள்ளி என்பதில் யாருக்கும் சந்தேகம் வராது.

நிலவைப் பற்றியும் இங்கேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இது அடிக்கடி வரும் பழுது. “பௌர்ணமி ஒளியைக் குவித்துக் கோட்டையை எரித்தாள்” என்று எழுதிவிடுகிறார்கள். முழுநிலவின் வெளிச்சம் சூரியனுடையதில் ஏறத்தாழ 4 லட்சத்தில் ஒரு பங்குதான். வெயிலில் ஒரு மணி நேரத்தில் சேர்ப்பதை நிலவில் சேர்க்க 4 லட்சம் மணி நேரம் வேண்டும். இடைவிடாத பௌர்ணமியாக 45 ஆண்டுகள். சும்மா லென்சை வைத்துக் குவித்தாலும் நடக்காது. எவ்வளவு பெரிய லென்சாக இருந்தாலும், அது ஒளியைக் குவிக்கும் இடம் அந்த ஒளி புறப்பட்டு வந்த பரப்பைவிடச் சூடாக முடியாது. நிலவின் தரை, வெயில் நேராக அடிக்கும்போதுகூட, பஞ்சைப் பற்றவைக்கும் அளவுக்குச் சூடில்லை. அதனால் கோட்டையை விட்டுவிடுங்கள். வாழ்நாள் முழுக்கச் சேர்த்த கொஞ்சூண்டு நிலவொளியை உள்ளங்கையில் மூடி வைத்திருக்கும் ஒரு கிழ ஆசிரியரை எழுதுங்கள். அவர் அதை எப்போது திறப்பார் என்று படிப்பவர் கடைசிப் பக்கம் வரை காத்திருப்பார்.

அறிகுறி: ஒளிப்பந்து பட்டு எதிரி பத்தடி தள்ளி விழுகிறார்

ஒளிக்குத் தள்ளும் விசை உண்டு, அது உண்மைதான். ஆனால் அற்ப விசை. ஒருவர் நெஞ்சில் பத்துக் கிலோ எடையை ஏற்றியதுபோல் ஒளியால் அழுத்த 30,000 மெகாவாட் வேண்டும். தமிழ்நாடு முழுவதற்கும் கோடையில் உச்சகட்ட மின்தேவை சுமார் 20,000 மெகாவாட். அதைப்போல் ஒன்றரை மடங்கை ஒரு மனிதர்மேல் பாய்ச்சினால் அவர் தள்ளிப்போய் விழமாட்டார், ஆவியாகிவிடுவார். சிறுவர் கதை என்றால் யோசித்துக்கொள்ளுங்கள்.

ஒளி தாக்கும் இடம் கண். சண்டையைக் கண்ணுக்கு மாற்றுங்கள். இருட்டுக்கு மனிதக் கண் முழுதாகப் பழக 20 முதல் 30 நிமிடம் ஆகும். ஒரே ஒரு பளிச்சில் அவ்வளவும் போய்விடும். எதிரி மலையேறி இரவில் வருகிறார், கண் நன்றாக இருட்டுக்குப் பழகியிருக்கிறது. சுடர்மனை மாணவி அரைக் கை வெளிச்சத்தை அவர் முகத்துக்கு நேரே திறக்கிறாள். அடுத்த கால் மணி நேரம் முற்றம் அவளுடையது, அவள் தன் ஒரு கண்ணை மட்டும் முன்கூட்டியே மூடிவைத்திருந்தால். மங்கலான சிவப்பு வெளிச்சம் இந்தப் பழக்கத்தைக் கெடுக்காது என்பதால் பள்ளியின் காவலர்கள் சிவப்பு விளக்குதான் வைத்திருப்பார்கள். வானியல் கூடங்களில் இன்றும் அப்படித்தான்.

அறிகுறி: அறையெங்கும் ஒளிக்கதிர்கள் குறுக்கும் நெடுக்குமாகத் தெரிகின்றன

சுத்தமான காற்றில் ஒளிக்கதிரைப் பக்கவாட்டில் பார்க்க முடியாது. கதிரில் இருக்கும் ஒளி உங்கள் கண் பக்கம் திரும்பினால்தானே தெரியும்? திருப்பிவிடத் தூசியோ புகையோ பனியோ வேண்டும். ஓட்டு வீட்டில் கண்ணாடி ஓடு வழியே காலை வெயில் இறங்கும்போது கவனித்திருப்பீர்கள். முதலில் தரையில் ஒரு வெளிச்சத் துண்டு மட்டும் இருக்கும், நடுவில் ஒன்றும் தெரியாது. யாராவது சாம்பிராணி போட்டதும் கூரையிலிருந்து தரைவரை ஒரு சாய்ந்த தூண் எழுந்து நிற்கும். புகை சுருள்வதெல்லாம் அந்தத் தூணுக்குள் மட்டும் தெரியும்.

திருத்தம் எளிது. கதிர் தெரிய வேண்டிய காட்சியில் புகை வையுங்கள். தெரியக்கூடாத காட்சியில் எடுத்துவிடுங்கள். கருவூல அறையில் காவலுக்கு ஒளிக்கதிர் போட்டிருந்தால் திருடன் இடுப்பில் திருநீற்றுப் பை வைத்திருப்பான்.

அறிகுறி: மறைந்திருக்கும் நாயகி எல்லாவற்றையும் பார்க்கிறாள்

இதுதான் பழுதுகளில் ராஜா.

பார்ப்பது என்றால் ஒளி கண்ணுக்குள் போய், விழித்திரையில் உறிஞ்சப்பட வேண்டும். ஒருத்தி முழுக்க மறைந்துவிட்டாள் என்றால் ஒளி அவளை எங்கும் தொடாமல் கடந்துபோகிறது என்று பொருள். விழித்திரையையும் கடந்துதான் போகும். அவளுக்கு ஒன்றுமே தெரியாது, கும்மிருட்டு. விழித்திரை மட்டும் ஒளியை உறிஞ்சினால் அவள் பார்க்கலாம், ஆனால் காற்றில் இரண்டு மங்கலான வட்டங்கள் மிதப்பது மற்றவர்களுக்குத் தெரியும்.

மறைவது எப்படி நடக்கிறது என்பதையும் சமையலறையிலேயே பார்க்கலாம். போரோசிலிகேட் என்ற சூடு தாங்கும் கண்ணாடியில் செய்த சின்னக் கிண்ணமோ சோதனைக்குழாயோ கிடைத்தால், சூரியகாந்தி எண்ணெய் ஊற்றிய பெரிய பாத்திரத்தில் மெதுவாக இறக்குங்கள். எண்ணெய் உள்ளேயும் வெளியேயும் நிறைந்ததும் கண்ணாடியின் விளிம்பு கரைந்துகொண்டே வந்து காணாமல் போகும். இரண்டுக்கும் ஒளிவிலகல் எண், அதாவது உள்ளே புகும் ஒளியை எவ்வளவு வளைக்கும் என்பதன் அளவு, 1.47-ஐ ஒட்டி இருப்பதால் ஒளிக்கு எண்ணெய் எது கண்ணாடி எது என்று வித்தியாசம் தெரிவதில்லை. வளைய இடமில்லை, திரும்ப இடமில்லை, அப்படியே போய்விடுகிறது. காற்றில் எடுத்துவிட்டால் கிண்ணம் திரும்ப வந்துவிடும். மறைவு என்பது பொருளின் தனிக்குணமாக இல்லாமல், சுற்றியிருப்பதோடு ஒத்துப்போவதாக இருக்கிறது. உங்கள் மறைவு மந்திரம் தண்ணீரில் பலித்து, கரையேறினால் கலைந்துவிடுகிற மாதிரி எழுதலாமே.

சரி, நாயகியை என்ன செய்வது? மூன்று வழி இருக்கிறது. முதல் வழி, மறைந்திருக்கும்வரை அவள் குருடு. பள்ளியில் மறைவு வகுப்பின் முதல் ஆண்டு முழுக்கக் காதால் நடக்கும் பயிற்சிதான், ஒளியைப் பற்றி ஒரு வார்த்தை கிடையாது. இரண்டாவது வழி, கண் மட்டும் தெரியும், அதனால் கண்ணை எப்போது மூடுவது என்பதே வித்தை. மூன்றாவது, அவளுக்குப் பதிலாகப் பார்க்க ஒரு தோழி வெளியே இருக்கிறாள், இருவருக்கும் நடுவே ஒரு நூல். எனக்கு முதல் வழிதான் பிடிக்கும். படிப்பவருக்கும் அந்த இருட்டு புதிது.

அறிகுறி: நிறங்கள் நம்பும்படி இல்லை

இரண்டு தனிப் பழுதுகள் இந்த ஒரே அறிகுறியைக் காட்டும்.

இரவுக்காட்சியா என்று முதலில் பாருங்கள். “நிலவொளியில் அவள் சிவப்புப் பட்டு தகதகத்தது” என்ற வரி அநேகமாக எல்லோர் கதையிலும் உண்டு. மங்கிய வெளிச்சத்தில் நம் கண் நிறம் பார்ப்பதை நிறுத்திவிடும். அதிலும் முதலில் போவது சிவப்பு. செக் நாட்டு உடலியலாளர் யான் புர்க்கின்யே 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே இதைக் கவனித்து எழுதியிருக்கிறார். வீட்டில் செம்பருத்தி இருந்தால் பொழுது சாயும்போது அதன் பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள். பகலில் பூ இலையைவிடப் பளிச்சென்று இருக்கும். இருட்ட இருட்ட, இலை சாம்பல் வெளுப்பாக நிற்கும்போதே பூ கறுத்து, செடியில் ஓட்டை விழுந்ததுபோல் ஆகிவிடும். நிலவொளியில் சிவப்புப் பட்டு கறுப்புப் பட்டுதான். அவளை யாரும் கண்டுகொள்ளக்கூடாது என்றால் சிவப்பே உடுத்தச் சொல்லுங்கள், அது நல்ல திருப்பம்.

பகல்காட்சி என்றால் நிறம் கலக்கும் இடத்தைப் பாருங்கள். சாயப்பெட்டியில் நீலமும் மஞ்சளும் சேர்ந்தால் பச்சை. ஒளியில் அந்தக் கணக்கே வேறு. சிவப்பு ஒளியும் பச்சை ஒளியும் ஒரே இடத்தில் விழுந்தால் மஞ்சள். நம்பிக்கை வரவில்லை என்றால், கைபேசித் திரையில் மஞ்சள் படம் ஒன்றைத் திறந்து, மேலே பொட்டளவு தண்ணீர்த் துளி வைத்து உற்றுப் பாருங்கள். துளி லென்சாகி, உள்ளே சிவப்பும் பச்சையுமாகப் புள்ளிகள் வரிசை கட்டி நிற்கும். மஞ்சள் எங்குமே இருக்காது. சாயக்காரர் மகன் ஒருவன் பள்ளியில் சேர்ந்து, அப்பாவிடம் கற்றதெல்லாம் இங்கே தலைகீழாக இருப்பதைக் கண்டு திணறுவதை ஒரு அத்தியாயமாகவே எழுதலாம்.

இதே இடத்தில் “ஏழு நிறம்” என்பதையும் தட்டிப் பாருங்கள். நிறமாலையில் ஏழு கோடு போட்ட அறைகள் கிடையாது, ஒன்றிலிருந்து ஒன்றாகக் கரைந்து போகும். நியூட்டன் முதலில் ஐந்து நிறம்தான் சொன்னார். இசையின் ஏழு சுரத்துக்கு ஒத்துவர வேண்டும் என்று ஆரஞ்சையும் கருநீலத்தையும் சேர்த்துக்கொண்டார். உங்கள் பள்ளிக்கு ஏழு இல்லம், ஏழு கொடி, ஏழு குரு என்று கை தானாகப் போகும். நிறுத்துங்கள். ஐந்து வைத்தாலும் பதினொன்று வைத்தாலும் ஒளி கோபித்துக்கொள்ளாது.

அறிகுறி: சூரியன் இருக்கும் பக்கத்திலேயே வானவில்

வானவில் எப்போதும் சூரியனுக்கு எதிர்ப்பக்கம். மாலையில் கிழக்கே, காலையில் மேற்கே. பார்ப்பவரின் தலைநிழல் விழும் திசையைச் சுற்றி 42 பாகை (டிகிரி) தூரத்தில் வட்டம் போடும். அதனால் சூரியன் 42 பாகைக்கு மேல் ஏறிவிட்டால் சமதரையில் நிற்பவருக்கு வானவில்லே கிடையாது. உச்சிவேளை வானவில்லை அடித்துவிடுங்கள். மலைமேலிருந்து பள்ளத்தாக்குச் சாரலைக் குனிந்து பார்ப்பவருக்கு மட்டும் விலக்கு உண்டு, சுடர்மனை மலைமேல் இருப்பது அதற்கும் உதவும். இரண்டாவது வில் வந்தால் அதில் நிறவரிசை தலைகீழ், இரண்டுக்கும் நடுவே வானம் சற்று இருண்டிருக்கும். அந்த இருண்ட பட்டையில் என்ன இருக்கிறது என்று ஒரு பிள்ளை கேட்கட்டும்.

அறிகுறி: நாயகன் ஒளி, வில்லன் நிழல், முடிவு முன்னாலேயே தெரிந்துவிடுகிறது

ஒளிப் பள்ளிக்கு எதிரே ஓர் இருட்டுப் பள்ளியைக் கட்டுவது கைப்பழக்கம். அதைக் கலைக்க நல்ல வழி, நிழலைப் பள்ளிக்கு உள்ளேயே கொண்டுவந்து ஒரு பாடமாக்குவது. நிழல் தெரியாதவருக்கு ஒளி தெரியாது என்று சுடர்மனையில் சொல்வார்கள். சொல்வதோடு நிற்காமல் கற்றும் கொடுக்க வேண்டும். கற்றுக்கொடுக்க அங்கே சரக்கு ஏராளம்.

நிழலின் ஓரத்தைப் பாருங்கள். சூரியன் ஒரு புள்ளி இல்லை, வானத்தில் அரைப் பாகை அகலமுள்ள வட்டு. அதனால் ஒரு மீட்டர் உயரத்தில் நீட்டிய கையின் நிழலுக்குத் தரையில் ஏறத்தாழ 9 மில்லிமீட்டர் அகலத்துக்கு மங்கலான கரை இருக்கும். கை உயர உயரக் கரையும் அகலும். கரையின் அகலத்தைப் பார்த்தே, நிழல் எவ்வளவு உயரத்திலிருந்து விழுகிறது என்று ஒரு தேர்ந்த மாணவி சொல்லிவிடுவாள். கூரையில் ஒளிந்திருப்பவனைப் பிடிக்க இதைவிட என்ன வேண்டும்? ஒரு சிவப்பு விளக்கும் ஒரு பச்சை விளக்கும் வைத்தால் ஒரே ஆளுக்கு இரண்டு நிழல், ஒன்று பச்சை, ஒன்று சிவப்பு. நிழல் கறுப்பாகத்தான் இருக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை.

மரத்தடியில் விழும் வெளிச்ச வட்டங்களும் உண்டு. இலை இடுக்கு எந்த வடிவத்தில் இருந்தாலும் தரையில் விழுவது வட்டம்தான், ஏனென்றால் ஒவ்வொன்றும் சூரியனின் படம். 2019 டிசம்பர் 26 அன்று கோவை, திண்டுக்கல், திருச்சி வழியாகவும் யாழ்ப்பாணத்திலும் வளையச் சூரிய கிரகணம் தெரிந்தது. அன்று வேப்பமரத்தடியில் நின்றவர்கள் தரையெங்கும் பிறைகளைப் பார்த்திருப்பார்கள், பிறகு வளையங்களை. மந்திரப் பள்ளிக்கு இதைவிட நல்ல சேர்க்கை நாள் எனக்குத் தோன்றவில்லை.

இதிலெல்லாம் பெரியது ஒன்று பாக்கி. 1818-ல் பிரெஞ்சு அறிவியல் கழகம் ஒளியைப் பற்றிப் பரிசுப் போட்டி வைத்தது. ஃபிரெனெல் என்ற இளம் பொறியாளர் ஒளி அலைதான் என்று கணக்கோடு எழுதி அனுப்பினார். நடுவர்களில் ஒருவரான புவாசோனுக்கு அது ஒப்பவில்லை. அவர் அந்தக் கணக்கையே எடுத்து நீட்டிப் பார்த்து, “இது சரியென்றால் வட்டத் தகட்டின் நிழலுக்கு நட்டநடுவில் ஒரு வெளிச்சப் புள்ளி இருந்தாக வேண்டும், இது நடக்கிற காரியமா” என்கிற மாதிரி மறுத்தார். இன்னொரு நடுவரான அராகோ பேச்சை விட்டுவிட்டுச் செய்து பார்த்தார். புள்ளி இருந்தது. நிழலின் மையத்தில், வெளிச்சத்தால் எட்டவே முடியாத இடத்தில். ஃபிரெனெலுக்குப் பரிசு கிடைத்தது, அந்தப் புள்ளிக்குப் புவாசோனின் பெயரும் ஒட்டிக்கொண்டது. உங்கள் கதையின் தேர்வுக் காட்சிக்கு இதன் எலும்புக்கூட்டை எடுத்துக்கொள்ளலாம். எதிராளி கேலிக்குக் காட்டும் முடிவே உண்மையாகிப்போவது, எந்த வாள்சண்டையையும்விடக் கூர்மையான காட்சி.

அறிகுறி: பள்ளி பள்ளி மாதிரியே இல்லை

மண்டபம் இருக்கிறது, கோபுரம் இருக்கிறது, மாணவர்கள் நடந்துகொண்டே இருக்கிறார்கள், ஆனால் யாரும் எதையும் கற்பதில்லை. குரு தத்துவம் பேசுகிறார். பிள்ளைகள் தலையாட்டுகிறார்கள். இதற்கு ஒரே மருந்து: ஒரு வகுப்பை முழுக்க எழுதுங்கள், கையால் செய்யும் வகுப்பாக.

ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் பாஸ்ராவில் பிறந்து கெய்ரோவில் வாழ்ந்த இப்னு அல்-ஹைதம் ஒரு பாடத்தை அப்படியே விட்டுப்போயிருக்கிறார். இருட்டறை, சுவரில் ஒரு சிறு துளை, வெளியே வரிசையாக விளக்குகள். உள்ளே எதிர்ச்சுவரில் ஒவ்வொரு விளக்குக்கும் ஒரு வெளிச்சப் பொட்டு. ஒரு விளக்கை மறைத்தால் அதற்குரிய பொட்டு மட்டும் அணைகிறது, மற்றவை அசைவதில்லை. எல்லா ஒளியும் ஒரே துளைக்குள் நெரிந்து புகுந்தாலும் ஒன்றோடொன்று கலந்து கெடவில்லை. கண்ணிலிருந்து கதிர் கிளம்பிப் போய்ப் பொருளைத் தொடுகிறது என்ற பழைய கருத்தை மறுத்து, ஒளி கண்ணுக்குள் வருவதால்தான் பார்க்கிறோம் என்று நிறுவியவர் அவர். நைல் வெள்ளத்தைக் கட்டுப்படுத்துவதாகச் சொல்லிவிட்டு முடியாமல்போக, கலீஃபாவின் கோபத்துக்குத் தப்பப் பைத்தியம் பிடித்ததுபோல் நடித்து வீட்டுக்காவலில் இருந்தார் என்று அவரைப் பற்றி ஒரு கதை வழங்குகிறது. நடந்ததோ இல்லையோ, இருட்டறைப் பாடத்துக்கு ஆசிரியராக வைக்க இவரைப்போல் ஒருவர் அமைவது கஷ்டம்.

ஆசிரியர்கள் எதைத் தின்று வாழ்கிறார்கள் என்பதும் பள்ளியை நம்பவைக்கும். திருச்சியில் பிறந்த சி.வி. ராமன் கல்கத்தாவில் பகலெல்லாம் அரசின் கணக்குத் துறையில் அதிகாரி, காலையிலும் மாலையிலும் பௌபஜார் தெருவில் இருந்த ஆய்வுக்கூடத்தில் இயற்பியல். இப்படியே பத்து வருஷம் ஓடி 1917-ல்தான் பேராசிரியரானார். பிறகு அவரும் வத்திராயிருப்புக்காரரான கே.எஸ். கிருஷ்ணனும் செய்த சோதனையின் முதல் வடிவம் ஒரு மாயப்பள்ளி வகுப்பைப்போலவே இருக்கிறது. வெயிலை லென்சால் குவித்துத் திரவத்தில் விழச் செய்வார்கள். முன்னால் ஊதாவை மட்டும் விடும் வடிகட்டி, பின்னால் ஊதாவை விடாத வடிகட்டி. திரவம் ஒளியை மாற்றாமல் சிதறடித்தால் கண்ணுக்கு ஒன்றும் வரக்கூடாது. இருட்டில் கண்ணைப் பழக்கிக்கொண்டு பார்த்தால் மெல்லிய ஒளித்தடம் ஒன்று வந்தது. நிறம் மாறிச் சிதறுவது ஏறத்தாழ ஒரு கோடியில் ஒரு பங்கு. 1928 பிப்ரவரி 28-ல் அது உறுதியானது, 1930-ல் நோபல் பரிசு வந்தது. கண், வெயில், இரண்டு வண்ணக் கண்ணாடி. உங்கள் குருவுக்கு வைரம் பதித்த கோல் எதற்கு?

பாடத்திட்டத்துக்குப் படிநிலை வேண்டுமென்றால் வடலூரைப் பாருங்கள். வள்ளலார் 1872-ல் அமைத்த சத்திய ஞான சபையில் ஜோதிக்கு முன்னால் ஏழு திரைகள். தைப்பூசத்தன்று அவை விலகித்தான் தரிசனம். வழிபாட்டை நகலெடுக்க வேண்டாம், எடுக்கவும் கூடாது. ஒளியை நேரே காட்டாமல் ஒவ்வொரு திரையாக விலக்கும் அமைப்பை மட்டும் கவனியுங்கள். முதலாண்டுப் பிள்ளைக்கு எது மறைக்கப்படுகிறது என்பதை முடிவு செய்தால் பள்ளியின் அரசியலும் தெரிந்துவிடும்.

அறிகுறி: எல்லோருக்கும் ஜோதி, பிரகாஷ், கதிர், சுடர் என்று பெயர்

மாற்றுங்கள். பெற்றோர் பிள்ளைக்குப் பெயர் வைத்தபோது அது எந்தப் பள்ளியில் சேரும் என்று அவர்களுக்குத் தெரியாது.

அறிகுறி: “ஒளிவேகத்தில் பறந்தான்”, ஆனால் பரபரப்பு இல்லை

ஒளி நொடிக்கு 2,99,792 கிலோமீட்டர் போகும். பூமியை நொடிக்கு ஏழரை முறை சுற்றலாம். அந்த வேகத்தில் எதையும் விவரிக்க முடியாது, அதனால்தான் காட்சி செத்துக்கிடக்கிறது. ஒளியின் வேகத்தைக் கதையில் பயன்படுத்த வேண்டுமானால் அதன் தாமதத்தைப் பயன்படுத்துங்கள். ஓலே ரோமர் 1676-ல் வியாழனின் துணைக்கோள் ஒன்று அதன் நிழலில் மறைந்து வெளிவரும் நேரம் பிந்துவதை வைத்துத்தான் ஒளிக்கும் பயண நேரம் உண்டு என்று சொன்னார். சூரிய ஒளி நம்மிடம் வர எட்டு நிமிடத்துக்கு மேல் ஆகிறது.

விண்மீன்களுக்குப் போனால் நமக்கென்றே ஒரு புதையல் இருக்கிறது. சுவாதி நட்சத்திரத்தின் ஒளி வந்துசேர ஏறத்தாழ 37 ஆண்டுகள், ரோகிணிக்கு 65, மகத்துக்கு 79. ஆயுசு அளவுக்குள் அடங்கும் தூரங்கள். 65 வயதுப் பாட்டி ரோகிணியைப் பார்த்தால், கண்ணில் படுவது அவர் பிறந்த வருஷத்தில் கிளம்பிய ஒளி. சுடர்மனையில் ஒளியைப் பிடித்து வைக்கத் தெரியும் என்பதால், ஒவ்வொரு பிள்ளைக்கும் அதன் ஜன்ம நட்சத்திர ஒளி ஒரு சிட்டிகை பிடித்துக் கொடுப்பார்கள். மக நட்சத்திரத்துப் பையனுக்குக் கிடைப்பது அவன் தாத்தா பாலகனாக இருந்த காலத்து ஒளி.

அறிகுறி: எல்லாம் சரிசெய்தாயிற்று, இப்போது கதை பாடப்புத்தகம் மாதிரி இருக்கிறது

மருந்து அதிகமாகிவிட்டது. மேலே சொன்ன எண்களில் ஒன்றுகூடக் கதைக்குள் வர வேண்டியதில்லை. 42 பாகையும் 1.47-ம் உங்கள் நோட்டில் இருக்கட்டும். பக்கத்தில் வர வேண்டியது கை கடுப்பதும், பூ கறுப்பதும், கடன் கேட்பதும்தான். ஒவ்வொரு எண்ணையும் தேடிப் பிடித்து, அதனால் யாருக்கு என்ன முடியாமல் போகிறது என்ற செயலாக மாற்றுங்கள். மாற்ற முடியாத எண்ணை வெட்டுங்கள்.

பிறகு அறிவியல் பக்கமே போகாத ஒருவரிடம் ஓர் அத்தியாயத்தைக் கொடுங்கள். படித்து முடித்ததும் “எப்படி இருந்தது” என்று கேட்காதீர்கள், நன்றாக இருந்தது என்றுதான் சொல்வார்கள். “இந்தப் பொண்ணால என்னென்ன செய்ய முடியாது?” என்று கேளுங்கள். மழை நாளில் அவளுக்குப் படிக்க வெளிச்சம் கிடையாது, மறைந்தால் கண் தெரியாது என்று அவர் தடுமாறாமல் சொன்னால் அடுத்த அத்தியாயத்துக்குப் போகலாம். யோசித்துக்கொண்டே நின்றால் முதல் சோதனைக்குத் திரும்பி, அந்த ஒரு வரியை மறுபடி எழுதுங்கள்.